தூதர் கண்ட சாட்சி

உப்பளத் தொழிலாளர் ஊர்வலத்துக்கு முதலில் தடை போட்டவர் அமைச்சர் வைகுண்டநாதர். அடுத்துத் தடியடி, அதற்கும் அடுத்துத் துப்பாக்கிச் சூடு. கடைசியில் வெளிநாட்டுத் தூதராகப் போய், அந்த ஊர்வலத்தில் ஒருவரும் சாகவில்லை என்று உலகத்துக்கே சொன்னார்.

ஓய்வு பெற்றதும் தூத்துக்குடியில் பாராட்டு விழா. "ஒரு முறை கேட்ட பெயரை நான் மறந்ததே இல்லை. என் ராஜதந்திரமே அதுதான்!" என்று முழங்கினார்.

உப்பளத் தொழிலாளி மாடக்கண்ணு எழுந்தார். "ஐயா, செத்த எங்க தோழருக்கு ஒரு கல்லு நடணும்."

"யார் செத்தது? கௌரவமான சாட்சி ஒருத்தரைக் காட்டு. நானே வந்து கல்லை நட்டுப் பெயரையும் வாசிக்கிறேன்."

"செத்தது அன்னைக்குக் கொடி பிடிச்ச மரியதாசுங்கய்யா. பாவம், வயசாச்சு, உங்களுக்கு எங்கே ஞாபகம் இருக்கப்போகுது?"

"எனக்கா?" தூதர் சீறினார். "மரியதாசு இல்லையடா, ஏசுவடியான்! நெற்றியில் தழும்பு. குண்டு பட்டுச் சாகும்போதும் கொடியை விடாதவன்!"

மாடக்கண்ணு கைகூப்பினார். "சாட்சி கிடைச்சாச்சு. உங்களைவிடக் கௌரவமானவர் யாருங்கய்யா?"

மறுநாள் உப்பளமே திரண்டு நிற்க, தூதர் கல்லை நட்டு, அதிலிருந்த பெயரை முணுமுணுத்தார்.

"சத்தமாங்கய்யா, எல்லாருக்கும் கேக்கணும்."

"ஏசுவடியான்!"