கவிழ்ந்த பரிசலும் பிணை நின்ற அங்கம்மையும்

இந்தக் கதையை நான் வெகுகாலம் நம்பவில்லை. பரிசல் துறையில் சீட்டுக் கிழிக்கும் மாரப்பண்ணன் சொன்னது. கடனுக்குப் பிணை நின்றவர் பிழைத்ததாக எங்கள் பக்கத்தில் யாரும் சொல்லிக் கேட்டதில்லை; அதனால்தான் சந்தேகம். இருந்தாலும் அவர் சொன்னபடியே சொல்கிறேன்.

ஆற்றோரம் இருந்த மருதவள நாட்டை ஒரு காலத்தில் வேங்கைமாறன் என்றொரு ராஜா ஆண்டுவந்தான். கெட்டவன் இல்லை; ஆனால் புத்தி காற்றடிக்கிற பக்கம் சாயும். காலையில் ஒருவனைச் சிறையில் தள்ளச் சொல்வான். மத்தியானச் சாப்பாடு ருசியாக அமைந்துவிட்டால் அதே ஆளுக்குப் பட்டுச் சால்வை போர்த்துவான்.

அந்த நாட்டில் ஒரு வழக்கம் உண்டு. தொழில் நொடித்துப்போனவர் தம் தொழில் பாத்திரத்தை அரண்மனை வாசலில் கவிழ்த்து வைக்கவேண்டும். எண்ணெய்க்காரர் குடத்தைக் கவிழ்ப்பார், தானியக்காரர் மரக்காலைக் கவிழ்ப்பார். கவிழ்த்த கணத்திலிருந்து, கடன் கொடுத்தவர் எவரும் அவர் சொத்தைத் தொடக்கூடாது. சபையே கணக்குப் பார்த்துத் தீர்த்துவைக்கும்.

வெல்ல வியாபாரி பொன்னம்பி ஒருநாள் தன் பாகுப் பானையைக் கவிழ்த்தான். அவனுக்குக் கடன் கொடுத்தவர் கருவூல அதிகாரி மகரநாதர். ஈடாக வெல்லக் கிடங்கின் சாவியை வாங்கி இடுப்பில் செருகியிருந்தார். அது போதாதென்று பிணையும் கேட்டிருந்தார். பிணை நின்றவள் பரிசல் ஓட்டும் அங்கம்மை. பொன்னம்பி அவளுடைய தங்கை புருஷன். "அக்கா, நீ ஒரு வார்த்தை சொன்னாப் போதும்" என்று தங்கை வந்து அழுதாள். அங்கம்மை சொன்னாள். அந்த ஒரு வார்த்தைக்கு வீடே விலை என்று அப்போது தெரியவில்லை.

பொன்னம்பியை நெருங்க முடியாத மகரநாதர், பிணையாளை நெருங்கினார். அவள் வீட்டுக் கதவில் முத்திரை விழுந்தது. அன்றைக்கே அரண்மனை வாசலில் ஏலம். அங்கம்மை சபைக்கு ஓடினாள்.

"மகாராஜா, கடன் வாங்கினவரையே தொடக்கூடாதுன்னு இருக்கு. என்னை மட்டும் எப்படித் தொடலாம்?"

மகரநாதர் சிரித்தார். "கவிழ்ந்தது அவன் பானை, அம்மா. அதன் கீழே நீயும் போய் ஒளிந்துகொள்வாயா? அவன் விழுந்தால் தாங்கத்தானே பிணை?"

"சரியாகத்தான் சொல்கிறார்" என்றான் ராஜா.

"ரொம்பச் சரி" என்றார் மந்திரி பெருந்தேவன்.

அங்கம்மை மந்திரியைப் பார்த்தாள். வாரம் தவறாமல் அவள் பரிசலில் ஏறி, ஓயாமல் பாடிக்கொண்டு வருகிற மனுஷன் இவர். இவரும் கைவிட்டாரா? தானே எதையாவது கவிழ்க்கலாம் என்றால் அவளிடம் குடமா, மரக்காலா? கூலியை மடியில் வாங்கி முடிகிறவள் எதைக் கவிழ்ப்பாள்?

மந்திரி மெல்லக் கேட்டார். "மகரநாதரே, பிணையில் வீடு மட்டும்தானா?"

"பரிசலும் உண்டு!"

"அடடா, அதை ஆற்றில் விட்டுவிட்டு இங்கே ஏலம் போடுகிறீர்களே. அது பாட்டுக்குப் போய்விட்டால்?"

மகரநாதருக்குப் பகீரென்றது. "ஏ அங்கம்மா! ஓடிப்போய்ப் பரிசலைத் தூக்கிக்கொண்டு வா. அது வந்த பிறகுதான் ஏல முரசு."

"நானேவா சாமி?"

"பின்னே, நானா தூக்குவேன்?"

அவள் போனாள். பரிசலை எப்போதும்போலக் குப்புறப் புரட்டித் தலைமேல் ஏற்றினாள். கடைத்தெருவில் போனவர்களுக்கு ஒரு பரிசலும் இரண்டு கால்களும் மட்டுமே தெரிந்தன. உள்ளே இருட்டில் அவள் அழுதது யாருக்கும் தெரியவில்லை. வாசலில் இறக்கி, எப்போதும்போலவே வைத்தாள். முரசுக்காரன் கோலை ஓங்கினான்.

"நிறுத்து!" என்றார் பெருந்தேவன். "மகாராஜா, வாசலில் என்ன இருக்கிறது?"

"பரிசல்."

"எப்படி இருக்கிறது?"

ராஜா எட்டிப் பார்த்தான். "கவிழ்ந்து... அடேயப்பா!"

"இது மோசடி!" என்று குதித்தார் மகரநாதர். "பரிசலை எல்லாரும் அப்படித்தான் வைப்பார்கள். நொடித்துப்போனேன் என்று இவள் வாயால் சொல்லவே இல்லையே!"

மந்திரி திரும்பினார். "அம்மா, வீடும் பரிசலும் போய்விட்டால் உன்னிடம் மிச்சம் என்ன?"

"துடுப்பு, சாமி."

சபையில் சிரிப்பு எழுந்து, பாதியில் அடங்கிவிட்டது.

"இதற்குமேல் எப்படிச் சொல்வது?" என்றார் பெருந்தேவன். "அவன் பானை இவளைக் காக்காது. உங்கள் வாதம், நானும் ஒப்புக்கொண்டேன். ஆனால் இவள் பாத்திரம் இவளைக் காக்கும். முரசு அடித்து வீட்டுச் சாவி கைமாறியிருந்தால் நான் வாய் திறந்திருக்க மாட்டேன். வீடு அப்போது இவளுடையதே இல்லை. நல்லவேளை, நீங்களே ஏலத்தை நிறுத்திவைத்தீர்கள். இனி இவள் கணக்கும் சபைக்கு வரட்டும். கிடங்கு வெல்லம் எங்கே?"

மகரநாதர் இடுப்புச் சாவியை மேல்துண்டால் மூடினார். விலை ஏறட்டும் என்று பூட்டியே வைத்திருந்தார். பொத்தல் கூரையில் மழை இறங்கி வெல்லமெல்லாம் பாகாக ஓடிவிட்டது. அந்தத் தெரு எறும்புகள் அத்தனையும் சாட்சி.

"ஈட்டைக் கையில் வைத்துக்கொண்டு கரையவிட்டவர் அந்த நஷ்டத்தைப் பிணையாள் தலையில் கட்டலாமா?"

"கூடாது" என்றான் ராஜா. அன்றைக்குக் காற்று நல்ல பக்கம் அடித்தது. "வெல்லத்தின் விலையைக் கழித்து, மிச்சத்தை இவள் பரிசல் கூலியில் கொஞ்சம் கொஞ்சமாகக் கட்டட்டும். கட்டிய தொகைக்குப் பொன்னம்பி இவளுக்குக் கடன்பட்டவன். வீட்டு முத்திரையைப் பிய்த்து எறியுங்கள். மகரநாதரே, பரிசலை வரவழைத்தவர் நீர்தானே? நீரே துறையில் கொண்டுபோய் விடும்."

மகரநாதர் பரிசலைத் தலையில் கவிழ்த்துக்கொண்டு நடந்தார். "பார்த்துப் போங்கள்! எங்கும் இறக்கிவைத்துவிடாதீர்கள், நொடித்துவிட்டீர்கள் என்று நினைத்துக்கொள்வார்கள்!" என்று பின்னாலிருந்து கத்தினார் மந்திரி. ராஜா தன் முத்துமாலையைக் கழற்றி மந்திரி கழுத்தில் போட்டான்.

அங்கம்மை துடுப்போடு துறைக்கு வந்தபோது கரையில் தங்கை நின்றுகொண்டிருந்தாளாம்.

அதோடு மாரப்பண்ணன் நிறுத்திக்கொள்வார். போன மாதம் துறைப்பக்கம் போனபோது அவரிடம் கேட்டேவிட்டேன்: "அண்ணே, ராஜா, மந்திரி எல்லாம் இருக்கட்டும். அந்தத் தங்கச்சி மறுபடியும் 'அக்கா, ஒரு வார்த்தை'ன்னு வந்து நின்னிருந்தா, அங்கம்மை என்ன சொல்லியிருப்பா?"