முத்தழகி கொடுத்த மோர்

ஒரு மாவட்டத்தில் காசநோயாளிகள் விவரத்தையெல்லாம் கம்ப்யூட்டரில் ஒரே தரவுத்தளமாகக் கட்டிக் கொடுத்தவள், ஒப்பந்தத்தில் வேலை பார்த்த கோமதிநாயகி. அதைக் காட்டிப் பேர் வாங்கிக்கொண்டவர் மருத்துவ அதிகாரி நீலமேகம்.

ஆய்வுக் கூட்டத்தில் கலெக்டர் அம்மா முன்னால் அவர் மார்தட்டினார். "ஆயிரத்து இருநூறு பேரையும் நானே வீடு வீடாப் போய்ப் பாத்துட்டேன், மேடம்!"

"எல்லாப் பதிவும் ஒரே மத்தியானத்துல ஏறியிருக்கே சார்," என்று கோமதிநாயகி வாயை விட்டுவிட்டாள்.

நீலமேகத்துக்கு மூக்கு சிவந்தது. "கூட்டம் முடியறதுக்குள்ள நான் பாக்காத ஒரு நோயாளியைக் காட்டு. இல்லேன்னா நாளைக்கு வேலைக்கு வராதே!"

கோமதிநாயகி யோசித்தாள். அத்தனை பேர் வீட்டுக்கும் இப்போது யார் போய்க் கேட்பது? சட்டென்று குரலைத் தாழ்த்திக்கொண்டாள்.

"மன்னிச்சிடுங்க சார். கருவேலம்பட்டி முத்தழகி நெனப்பாவே இருந்தது, அதான். எப்படி இருக்காங்க?"

"முத்தழகியா? நல்லாத் தேறிட்டா. என் கண்ணு முன்னாலதான் மாத்திரை போட்டா. எனக்கு மோர்கூடக் கொடுத்தா!"

"சார், அது எங்க வீட்டு ஆடு. தரவுத்தளம் சரியா ஓடுதான்னு பாக்க, மொத நாள் அது பேரைத்தான் போட்டேன். அழிக்காமலே விட்டுட்டேன்."

திரையில் அந்தப் பதிவைத் திறந்தாள். 'நேரில் பார்த்தேன், நலம்' என்றிருந்தது. கீழே நீலமேகத்தின் பெயர். பின்வரிசையில் யாரோ குபீரென்று சிரித்தார்கள்.

கலெக்டர் சிரிக்கவில்லை. அவர் முகம் வெளுத்துப் போயிருந்தது.

"அப்போ மத்தவங்கள்லாம் உயிரோட இருக்காங்களா?" என்று கேட்டார்.