தடை உத்தரவில் பெயர் இல்லாதவன்

கரிசல் காட்டில் ஒரு கிணறு இருந்தது. அந்தக் கிணற்றையும் அதைச் சுற்றியிருந்த நிலத்தையும் இரண்டு காகிதங்கள் சொந்தம் கொண்டாடின.

ஒன்று பத்திரம். நிலத்தை வாங்கிய அண்ணன் பேரில் இருந்தது. இன்னொன்று பட்டா. நில அளவைக்கு அதிகாரிகள் வந்த அன்று அண்ணன் மாட்டுச் சந்தைக்குப் போயிருந்தார். வந்தவர்களுக்குக் காப்பி கொண்டுபோன தம்பியிடம் பேர் கேட்டார்கள். அவர் தன் பேரைச் சொன்னார். பட்டா அந்தப் பேரிலேயே வந்துவிட்டது. "யார் பேர்ல இருந்தா என்ன? ஒரே பானைச் சோறுதான" என்று இருவரும் அதை அப்படியே விட்டுவிட்டார்கள். விட்டவர்கள் போய்ச் சேர்ந்தார்கள். பிள்ளைகள் கோர்ட்டுக்குப் போனார்கள்.

அண்ணன் மகள் பூரணம் பத்திரத்தைக் கொடுத்தாள். தம்பி மகன் சங்கிலிவேல் பட்டாவைக் கொடுத்தான். தீர்ப்பு வரும்வரை இருவருமே நிலத்தில் கை வைக்கக் கூடாது என்று தடை உத்தரவு வந்தது. இரண்டு காகிதங்களையும் ஒரே கட்டில் போட்டு நாடாவால் இறுக்கிக் கட்டினார்கள்.

"தள்ளிப் படு. நிலத்தை வாங்கியதற்கு நான்தான் சாட்சி" என்றது பத்திரம்.

"வரி கட்டியதற்கு நான் சாட்சி. நீ தள்ளு" என்றது பட்டா.

ஒவ்வொரு வாய்தாவுக்கும் இதே பேச்சுதான்.

இதற்கிடையில், ஆடு போட்டுவிட்டுப் போன விதையிலிருந்து கிணற்றடியில் ஒரு சீமைக்கருவேலம் முளைத்தது. கிணற்றுக்குத் திக்கென்றது.

"இங்க யாரும் நுழையக் கூடாது. கோர்ட்டு உத்தரவு."

"அந்த உத்தரவுல என் பேர் இருக்கா?"

கிணறு யோசித்துப் பார்த்தது. இல்லைதான்.

"அப்புறம் என்ன அண்ணாச்சி? நான் ஒரு ஓரமா நின்னுக்கிடுதேன்."

ஓரமாக நின்றது அடுத்த மழையில் நடுவுக்கு வந்தது. அதன் வேர் கல்கட்டைத் தொட்ட அன்று கிணறு பதறிப்போனது. "யாராவது ஜெயித்துத் தொலையுங்களேன், வந்து இதை வெட்டுங்களேன்" என்று கத்தியது. கிணறு கத்துவது மனிதர் காதில் விழுமா? ஆனால் கண் இருக்கிறதே. சங்கிலிவேல் பார்த்துவிட்டு அரிவாளோடு வந்தான்.

"ஏலே, கை வைக்காத!" பூரணம் ஓடிவந்தாள். "இன்னைக்கு முள்ள வெட்டுவ. நாளைக்கு, நிலம் என் கையில, என் அனுபவத்துலதான் இருக்குன்னு கோர்ட்டுல சொல்லுவ."

"கெணத்துக் கட்டு சரியுதுக்கா."

"சரியட்டும். தீர்ப்பு வந்ததும் நான் கட்டிக்கிடுதேன்."

பிறகு ஒருநாள் அவள் மரம் வெட்ட ஆள் கூட்டிவந்தாள். இவன் உத்தரவின் நகலோடு குறுக்கே நின்றான். மரத்தைக் கண்டு வராத பயம் இருவருக்கும் ஒருவரையொருவர் கண்டு வந்தது. இந்தக் கூத்தை எங்கே போய்ச் சொல்ல!

கடைசியில், நிலத்தைப் பார்த்து அறிக்கை கொடுக்கச் சொல்லி கோர்ட்டு ஒரு வக்கீலை அனுப்பியது. பத்திரமும் பட்டாவும் அவர் பைக்குள் இருந்தன. கிணறு பையைப் பார்த்துக் கெஞ்சியது.

"யாராவது ஒருத்தர் விட்டுக்கொடுங்கப்பா. ஊத்து அடைச்சுப்போச்சு. தொண்டை காயுது."

"முதலில் நான்தான் மூத்தவன் என்று அவன் ஒத்துக்கொள்ளட்டும்" என்றது பத்திரம்.

"எதுவானாலும் தீர்ப்பு வரட்டும்" என்றது பட்டா.

வெளியே வக்கீல் கேட்டுக்கொண்டிருந்தார். "நிலம் இப்ப யார் அனுபவத்துல இருக்கு?"

"என் அனுபவத்துலதான் சார்." இருவரும் ஒரே நேரத்தில் சொன்னார்கள்.

"அப்ப கெணத்தைக் காட்டுங்க."

எங்கே காட்டுவது? கிணற்றைச் சுற்றி ஆள் உயரத்துக்கு முள். சங்கிலிவேல் ஒரு கல்லை எடுத்து முள்ளுக்கு மேலே எறிந்தான். தண்ணீர்ச் சத்தத்துக்காக மூவரும் காதைத் தீட்டிக்கொண்டு நின்றார்கள். கிணற்றுக்குள்ளே காய்ந்த மண்ணில் கல் விழுந்த சத்தம்தான் வந்தது.

"யக்கா..." என்றான் அவன்.

வக்கீல் பேனாவை மூடிவிட்டுத் திரும்பினார். ஒரு முள் கொப்பு அவர் பையைப் பிடித்து இழுத்தது.

"சார், என் பேரை எழுதிக்கிட்டீங்களா?" என்று கேட்டது கருவேலம்.