வளைக்குள் போன மிளகாய்ச் செடி

ஒரு காட்டின் ஓரத்தில், மரங்கள் குறைந்து மிளகாய்க் கொல்லைகள் தொடங்குகிற இடத்தில், பூவாயி என்றொரு வெள்ளெலி வாழ்ந்தாள். குழந்தைகளே, கவலைப்படுவதில் அவளை மிஞ்ச அந்தக் காட்டிலேயே ஆள் கிடையாது. வெயில் அடித்தால் மழை வரவில்லையே என்பாள். மழை பெய்தால் வெள்ளம் வந்துவிடுமே என்பாள். இரண்டும் இல்லாமல் வானம் மூடிக்கிடந்தால், ஏதோ வரப்போகிறது என்று வளைவாசலிலேயே உட்கார்ந்துகொள்வாள்.

ஆனால் ஒரே ஒரு கவலை மட்டும் நியாயமான கவலை. போன கார்த்திகையில், மழை ஓய்ந்து கோரைப்புல் கிழங்கு வைத்த சமயத்தில், ஒரு காட்டுப்பன்றி வந்தது. கிழங்கைத் தேடி மூக்கால் மண்ணைக் கிளறியது. கிளறிய இடத்தில்தான் பூவாயியின் வளை இருந்தது. சேர்த்து வைத்திருந்த தானியமெல்லாம் சேற்றோடு சேறாகப் போயிற்று. கண் திறக்காத குட்டிகளை ஒவ்வொன்றாக வாயில் கவ்விக்கொண்டு அவள் ஓடினாளே ஓர் ஓட்டம், அதை நினைத்தால் இன்றைக்கும் அவளுக்கு மூச்சு முட்டும்.

இந்த வருஷமும் கார்த்திகை வரும். பன்றியும் வரும். அவள் புருஷன் சடையனோ எதற்கும் அலட்டிக்கொள்ளாதவன்.

“வந்தா பாத்துக்கலாம் புள்ள” என்று சொல்லிவிட்டுத் திரும்பிப் படுத்துக்கொள்வான்.

“போன தடவையும் பாத்துக்கிட்டுதானே இருந்தீங்க!” என்பாள் பூவாயி. அதற்குள் அவன் குறட்டை விட்டிருப்பான்.

ஆடி மாதம் ஒரு நாள், வேலி மரத்தில் உட்கார்ந்து ஒரு கிளி சிவப்பாக எதையோ தின்றுகொண்டிருந்தது. அது சரியான வாயாடிக் கிளி. கேட்க ஆள் இல்லாவிட்டால் மரத்திடமாவது பேசிக்கொண்டிருக்கும்.

“மிளகாய்ப் பழமா அது? எரியலையா உனக்கு?” என்று கேட்டாள் பூவாயி.

“எங்களுக்கு எரியாதுக்கா. நாலு காலு இருக்கறவங்களுக்குத்தான் எரியும். நேத்து ஒரு பன்றி கொல்லைக்குள்ள பூந்து ஒரு பழத்தைக் கடிச்சிட்டு, மூக்கை மண்ணுல தேய்ச்சுக்கிட்டே ஓடுச்சு பாரு! எனக்குச் சிரிச்சு மாளல.”

பூவாயியின் காதுகள் நிமிர்ந்தன. “பன்றியா? பன்றிக்கு மிளகாய்னா பயமா?”

“பயமாவா? அந்தப் பக்கமே தலைவச்சுப் படுக்காது!”

“எனக்கு ஒரு பழம் போடேன், புண்ணியமாப் போகும். வாசல்ல செடி வச்சுக்கறேன்.”

கிளி ஒரு பழத்தைக் கீழே போட்டது. கொல்லைக்காரர்கள் செய்வதைத் தினமும் பார்க்கிற கிளி அல்லவா, சும்மா இருக்குமா? “விதையைக் காயவச்சு, சாம்பல்ல புரட்டி, மேலாப்புல தூவி விடு. நல்லா வெயில் படட்டும். மண்ணு காஞ்சா மட்டும் தண்ணி ஊத்து. வேற ஒண்ணும் வேண்டாம்” என்று சொல்லிவிட்டுப் பறந்தது.

பூவாயி எல்லாவற்றையும் கேட்டாள். ‘மட்டும்’ என்ற சொல்லை மட்டும் கேட்கவில்லை.

கொல்லையில் யாரோ எறிந்த உடைந்த மண்சட்டி ஒன்றை இழுத்து வந்தாள். அடியில் ஓட்டை இருந்தது, தண்ணீர் தேங்காது. செம்மண்ணும் கொஞ்சம் மணலும் காய்ந்த ஆட்டுப் புழுக்கையும் கலந்து நிரப்பினாள். ஆடு மேய்ப்பவர்கள் தீ மூட்டிய இடத்திலிருந்து சாம்பல் அள்ளி வந்தாள். விதைத்தாள். விதைத்த கையோடு கவலையும் முளைத்துவிட்டது.

‘உள்ளே விதை இருக்கிறதா? எறும்பு தூக்கிப் போயிருக்குமோ?’ காலையில் ஒரு தரம் தோண்டிப் பார்த்தாள். மாலையில் ஒரு தரம் தோண்டிப் பார்த்தாள். முளைவிடப் பார்த்த விதைகளில் முக்கால்வாசி அவள் நகம் பட்டே ஒடிந்தன.

பக்கத்துக் குட்டையில் ஒரு தவளை இருந்தது. உலகத்தில் எந்தத் துன்பத்துக்கும் தண்ணீர்தான் மருந்து என்பது அதன் கட்சி. “முளைக்கலையா தங்கச்சி? தண்ணி பத்தல. ஊத்து! இன்னும் ஊத்து!” என்றது.

அவளும் ஊற்றினாள். மிச்சமிருந்ததில் முளைத்த நாலைந்து கன்றுகளும் மஞ்சளித்து, தண்டு அழுகி, சட்டிக்குள் சாய்ந்துவிட்டன. பூவாயி சட்டிக்குப் பக்கத்தில் உட்கார்ந்து அழுதாள்.

சடையன் வந்து பார்த்தான். “பழத்துல பாதி விதை மிச்சம் இருக்குல்ல? மறுபடி போடு. போட்டுட்டுக் கையைக் கட்டிக்கிட்டு உக்காரு.”

“எப்படிங்க உக்கார்றது? எனக்குக் கை பரபரங்குதே!”

“அப்ப கையை நான் கட்டிவிடட்டுமா?”

அவளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. இரண்டாம் முறை விதைத்தபோது, தோண்ட வேண்டும்போல் தோன்றிய போதெல்லாம் எழுந்து காட்டுக்குள் ஓடி, தானியம் பொறுக்கினாள். மண்ணைத் தொட்டுப் பார்த்து, காய்ந்திருந்தால் மட்டும் தண்ணீர் விட்டாள். இந்தத் தடவை கன்றுகள் நிமிர்ந்து நின்றன. அவற்றில் தண்டு தடித்த ஒன்றை மட்டும் விட்டுவிட்டு மற்றவற்றைப் பிடுங்கினாள். ஒவ்வொன்றையும் பிடுங்க அவளுக்கு மனமே வரவில்லை. ஆனாலும் பிடுங்கினாள்.

செடி அரையடி வளர்ந்ததும் நுனியைக் கிள்ளிவிட்டாள். பக்கக் கிளைகள் வெடித்தன. இலை சுருண்டபோது வேப்பிலையை மென்று, அந்தச் சாற்றை இலையின் அடியில் தடவினாள். கசப்பில் அவள் முகம் போன கோணலைப் பார்த்துத் தவளைகூடச் சிரித்தது. ஐப்பசியில் வெள்ளை வெள்ளையாகப் பூத்தது. கொஞ்சம் பூ உதிர்ந்தது, மிச்சம் பிஞ்சாயிற்று. பிஞ்சு காயாயிற்று. மழை ஓய்வதற்குள் வளைவாசலில் ஒரு செடி நிறையச் சிவப்பு.

பார்க்கப் பார்க்கப் பூவாயிக்குப் பெருமை பிடிபடவில்லை. பெருமை வந்த சுருக்கில், கவலையும் வந்தது. ஆனால் இப்போது வந்தது வேறு கவலை.

கிளி வந்து, “நான் கொடுத்த விதைதானே, ஒரே ஒரு பழம் தின்னுக்கட்டுமாக்கா?” என்று கேட்டது.

“தொட்டே, தெரியும் சேதி! எவ்வளவு பாடுபட்டு வளத்தேன் தெரியுமா? போ, போ!” என்று மண்ணை வாரி இறைத்தாள். கிளி முகம் சுருங்கிப் பறந்துபோனது. அதன் பிறகு அந்தப் பக்கம் வரவே இல்லை.

ஒரு நாள் காலை, செடியடியில் உதிர்ந்து கிடந்த பழத்தைக் காணவில்லை.

“திருட்டு! யாரோ திருடிட்டாங்க!” என்று குதித்தாள்.

“எந்தத் திருடனுக்கு மிளகாய்ப் பழம் வேணும்? எடுத்தவன் இந்நேரம் அழுதுக்கிட்டிருப்பான்” என்றான் சடையன்.

இன்னொரு நாள் காலை அவள் கண்டது அதைவிட மோசம். ஈர மண்ணில் பன்றிக் குளம்பு பதிந்திருந்தது. செடிக்கு ஒரு முழத் தூரத்தில்!

பூவாயி அலறினாள். “வந்துட்டான்! பன்றி வந்துட்டான்! ஐயோ, இன்னும் ஒரு காலடி எடுத்து வச்சிருந்தா செடியை மிதிச்சிருப்பானே! பூவும் பிஞ்சுமா நிக்குதே, ஒரு மிதி தாங்குமா?”

சடையன் குனிந்து தடத்தைப் பார்த்தான். “புள்ள, இங்க பாரு. இதுவரைக்கும் வந்துட்டு அப்படியே திரும்பிப் போயிருக்கான்.”

“இன்னிக்கித் திரும்பினான். நாளைக்கி?”

“நான் சொல்றது என்னன்னா...”

“நீங்க ஒண்ணும் சொல்ல வேண்டாம். அந்தச் சட்டியைப் பிடிங்க. உள்ள கொண்டுபோயிடலாம்.”

“உள்ளயா? நம்ம வளைக்குள்ளயா?”

“பின்ன? உசுரைக் கொடுத்து வளத்த செடிங்க!”

சடையனுக்கு ஏதோ சரியில்லை என்று பட்டது. ஆனால் என்னவென்று யோசித்துச் சொல்வதற்குச் சோம்பல். மேலும் அவள் கண்ணில் நீர் முட்டி நின்றது. சட்டியைப் பிடித்துத் தள்ளினான்.

வாசல் சின்னது, சட்டி பெரியது. உள்ளே போகவில்லை. பூவாயி யோசிக்கவே இல்லை. தன் முன்னங்காலாலேயே வாசலை இடித்துப் பெரிதாக்கினாள். மண் பொலபொலவென்று கொட்டியது. எத்தனையோ மழைக்கு அசையாமல் நின்ற வாசல் அது. சட்டியை உருட்டி, முறுக்கி, கிளை ஒடியாமல் தலையால் முட்டுக் கொடுத்து, வளையின் கடைசி அறைக்குக் கொண்டுபோய், இந்த வருஷத்துக் குட்டிகள் படுத்திருந்த புல் மெத்தைக்குப் பக்கத்தில் வைத்தார்கள்.

“இனி ஒருத்தனும் தொட முடியாது” என்றாள். ஆடி மாதத்துக்குப் பிறகு அன்று மத்தியானம்தான் அவள் நிம்மதியாகக் கண்ணயர்ந்தாள்.

பொழுது சாயும் நேரம், மேலே மண் அதிர்ந்தது.

முதலில் ‘உஸ் உஸ்’ என்று மூச்சு விடும் சத்தம். பிறகு மூக்கு மண்ணில் புதையும் சத்தம். பூவாயிக்கு அந்தச் சத்தம் மறக்குமா? “வந்துட்டான்...” என்றாள்.

அகலமாகத் திறந்து கிடந்த வாசலுக்குள் பன்றியின் மூக்கு தாராளமாக நுழைந்தது. ஒரே நெம்பு. முன்னறை போயிற்று. இன்னொரு நெம்பு. தானிய அறை போயிற்று. கோரைக்கிழங்கை நறுக் நறுக்கென்று மெல்லும் சத்தம் தலைக்கு மேலேயே கேட்டது.

“குட்டிங்களை எடு! பின்வழியா ஓடு!” என்று கத்தினான் சடையன். அவன் கத்தி அவள் கேட்டதே இல்லை.

ஒரு குட்டியை அவள் கவ்வினாள், ஒன்றை அவன் கவ்வினான். முள் புதருக்குள் போட்டுவிட்டு ஓடி வந்தார்கள். மறுபடி ஆளுக்கு ஒன்று. கடைசிக் குட்டியைக் கவ்வியபோது கூரை சரிந்து அவள் முதுகில் விழுந்தது. கண்ணெல்லாம் மண். எப்படி வெளியே வந்தாள் என்று அவளுக்கே தெரியாது. புதருக்குள் வந்து விழுந்து, குட்டிகளை மூக்கால் தடவித் தடவிப் பார்த்தாள். எல்லாம் இருந்தன. எல்லாவற்றுக்கும் மூச்சு இருந்தது. அவள் விம்மி விம்மி அழுதாள்.

பன்றி கடைசி அறையையும் நெம்பியது. மண்ணோடு மண்ணாகச் சட்டி உருண்டு வெளியே வந்து, அதன் மூக்குக்கு நேரே நிமிர்ந்து நின்றது.

“ஆத்தாடி!” என்று பன்றி நாலடி பின்னால் துள்ளியது. “இது இங்கயா இருக்கு?”

பூவாயிக்குப் பயத்தை மீறி ஆத்திரம் வந்தது. புதருக்குள்ளிருந்தே கத்தினாள். “ஏன்யா இப்படிப் பண்றே? உனக்குக் காடு பூராக் கோரை இருக்கே! என் வீடுதான் கிடைச்சுதா?”

பன்றி ஒன்றும் கெட்ட எண்ணம் கொண்டதல்ல. அதற்குப் பசி, அவ்வளவுதான். வாயிலிருந்த கிழங்கை விழுங்கிவிட்டுப் பொறுமையாகவே பதில் சொன்னது.

“அட வெள்ளெலி, காட்டுலயே ருசியான கிழங்கு உன் வாசல்லதான் இருக்கு. இந்த மாசம் பூரா வந்து வந்து பாத்தேன். மொத நாளு, கீழ கிடந்த பழம் ஒண்ணைத் தின்னுட்டேன். மூக்கு உச்சி வரைக்கும் எரிஞ்சுபோச்சு. அப்புறம் இந்தச் செவப்பைத் தூரத்துல பாத்தாலே திரும்பிடுவேன். நேத்து ராத்திரிகூட வந்துட்டுத் திரும்பித்தான் போனேன். இன்னிக்கி வந்து பாத்தா வாசல்ல ஒண்ணுமே இல்ல. வாசலும் நல்லா அகலமா இருந்துச்சு.”

சொல்லிவிட்டு, சட்டியைத் தொடாமல் சுற்றிக்கொண்டு, பன்றி தன் வழியே போயிற்று.

பூவாயி மெல்லப் புதரைவிட்டு வெளியே வந்தாள். வீடு இருந்த இடத்தில் பள்ளம் இருந்தது. தானியம் இருந்த இடத்தில் சேறு இருந்தது. நடுவே மிளகாய்ச் செடி நின்றது. அதில் ஒரு பழம்கூடக் குறையவில்லை.

நீதி: காவலுக்கு வைத்ததையே காவல் காக்கப் போனால், காக்க வேண்டியது கைவிட்டுப் போகும்.