மூணு எண்ற வரைக்கும்

ஞாயிற்றுக்கிழமை மல்யுத்த ஷோவுக்குப் போஸ்டர் அடிக்கக் காஜா பாய் சேலத்தில் இருக்கும் எங்கள் அச்சகத்துக்கு வந்திருந்தார். ஷோ நடத்துவது அவர்தான். 'சேலம் சிறுத்தையுடன் மோதுபவர்' என்ற வரிக்குக் கீழே இடம் காலி. சேதி தெரிந்ததும் பழைய பயில்வான் ராயப்பன் அண்ணன் அழைக்காமலே ஆஜர். நாலு வருஷமாக எந்தப் போஸ்டரிலும் அவர் பேர் வரவில்லை. மனுஷனுக்கு அந்த ஏக்கம் நிஜம். மற்றதெல்லாம்தான் வேறு ரகம்.

"ஈரோட்டுல ஒருத்தன், நூத்தம்பது கிலோ. தூக்கி வீசினேன், பவானியில போய் விழுந்தான்."

"பஸ்லயா போனான்?" என்றார் முதலாளி குழந்தைவேலு, கையில் ஒட்டிய மையைத் துடைத்தபடி.

"கேலி பண்ணாதீங்க. அவன் போய் விழறதுக்குள்ள நான் பிரியாணி சாப்பிட்டு, கை கழுவி, கப்பும் வாங்கிட்டேன். கோயமுத்தூர்ல இன்னும் மோசம். ரிங்குல ஏறி ஒரு தடவை தொடையைத் தட்டினேன். எதிராளி குடும்பத்தோட திருச்சிக்குக் குடி போயிட்டான். நடுவர் என் மூச்சுக் காத்துல பறந்து, லைட்டுக் கம்பியில தொங்கிக்கிட்டேதான் என் கையத் தூக்கினாரு. இன்னைய வரைக்கும் என் முதுகு தரையில பட்டதில்ல."

"அப்ப எப்படித் தூங்குவீங்க?" என்று நான் கேட்டேன்.

"குப்புறப் படுப்பேன்."

காஜா பாய் உச்சுக் கொட்டினார். "உங்களுக்கு இது சரிப்படாது ராயப்பண்ணே. சிறுத்தை உள்ளூர்ப் பையன், அவன்தான் ஜெயிக்கணும். நான் தேடறது அழகாத் தோக்கற ஆளு."

அண்ணனுக்கு அரை நிமிஷம்கூடத் தேவைப்படவில்லை.

"தோக்கறதா? அதுல என்னை அடிச்சுக்க ஆளே இல்லையே பாய். நாமக்கல்லுல நான் விழுந்த பள்ளத்துலதான் இப்ப ஊரே குடிதண்ணி எடுக்குது. தர்மபுரியில எதிராளி வரவே இல்ல. தனியாவே தோத்தேன்."

காஜா பாய்க்கே சிரிப்பு வந்துவிட்டது. பேனாவைத் திறந்தார். "சரி. விழுந்ததும் நடுவர் மூணு எண்ற வரைக்கும் வாயத் தொறக்காமக் கிடக்கணும். வேலை அவ்வளவுதான். எங்க, படுங்க பார்க்கலாம்."

காகிதக் கட்டுகளுக்கு நடுவே அண்ணன் மல்லாந்து கண்ணை மூடினார். பாவம், உதடு மட்டும் துடித்துக்கொண்டே இருந்தது.

"ஒண்ணு," என்றார் காஜா பாய். "ரெண்டு..."

"பாய், இந்த மூணு எண்ற வழக்கத்தையே கொண்டு வந்தது யாரு தெரியுமா?"

காஜா பாய் பேனாவை மூடினார். "முதலாளி, அந்த இடத்துல 'முகமூடி வீரன்'னு மட்டும் போடுங்க. வாய்ப் பக்கம் ஓட்டை இல்லாத முகமூடியாப் பார்த்து நான் வாங்கிக்கறேன்."