ஓம் மாமாவுக்கு ஓர் இலை

கோணக்குளத்தில் ஒரு பொருளுக்கு யார் பேர் இருக்கிறதோ, அவரைக் கேட்காமல் அதைத் தொடக்கூடாது. ஊர் வழக்கம் அப்படி. மாயாண்டி சந்தில் நடக்க மாயாண்டியைக் கேட்க வேண்டும். மாயாண்டியே நடந்தாலும் சந்து முனையில் நின்று, "மாயாண்டி, போகட்டுமா?" என்று கேட்டு, "போயிட்டு வாரும்" என்று தானே பதிலும் சொல்லிவிட்டுத்தான் கால் வைப்பார்.

அந்த ஊரில் கொம்பையா என்றொரு ஆட்டுத் தரகர். படித்ததெல்லாம் சந்தையில், அவரை ஏமாற்றியவர்கள்தான் வாத்தியார்கள். கோபம் மூக்குநுனியில் குடியிருக்கும். பேரம் பேசாமல் மழையில்கூட நனைய மாட்டார். அவருடைய ஒரே மகள் இசக்கியம்மாளுக்கு அன்று சாயங்காலம் கல்யாணம். சம்பந்தி வீட்டில் ஒரே ஒரு நிபந்தனை வைத்திருந்தார்கள்: "பந்தல் பகல் மாதிரி ஜொலிக்கணும். இருட்டுல தாலி கட்டுறதா இருந்தா வந்த பஸ்ஸிலேயே திரும்பிருவோம்."

சீரியல் லைட் போட டவுனிலிருந்து ஜெபராஜ் வந்தான். சுவிட்சைப் போட்டால் பல்புகள் அரைத்தூக்கத்தில் முழித்தன.

"என்ன தம்பி, எல்லாம் தூங்கி வழியுது?"

"வோல்ட் பத்தலை, அண்ணாச்சி."

"இன்னும் கொஞ்சம் அள்ளிப் போடேன். உங்க அப்பன் வீட்டுச் சொத்தா?"

ஜெபராஜுக்குப் போதாத காலம், விளக்கம் சொன்னான். "வோல்ட்டுங்கிறது அளவு, அண்ணாச்சி. வோல்ட்டான்னு ஒரு பெரிய மனுஷன் பேர்ல வச்சது. ஆம்பியர், வாட், ஓம், இதெல்லாமும் ஆளுங்க பேருதான்."

கொம்பையாவுக்கு முகம் வெளிறியது. "அடப்பாவி! நாலு பேரு சொத்தை ஒரு வார்த்தை கேக்காம எடுத்து என் மக கல்யாணத்துல தொங்கவிட்டிருக்கியா?"

"அவங்க எல்லாம் எப்பவோ செத்துட்டாங்க."

"செத்தா பேரு போயிருமா? இப்பதானே நீயே சொன்னே!"

பந்தலுக்குள்ளேயே ஊர்க்கூட்டம் கூடியது. மச்சினன் சுடலைக்கண்ணு தாடையைத் தடவினான். "இதான் விஷயம், அத்தான். அழைக்காத கல்யாணத்துல எவன் முகம் மலர்ந்து நிப்பான்? அதான் மங்கலா எரியிறாங்க."

"நாலு பேரையும் வெத்தலை பாக்கு வச்சு அழைச்சிருவோம்" என்றார் மாயாண்டி.

கொம்பையாவின் பேரப்புத்தி விழித்துக்கொண்டது. "நாலு எதுக்கு? ரெண்டுல முடியாதா? தம்பி, இதுல யாரு என்ன வேலை பாக்காங்க?"

தப்பித்தால் போதும் என்றிருந்தது ஜெபராஜுக்கு. "வோல்ட் தள்ளும். ஆம்பியர் ஓடும். ரெண்டையும் பெருக்கினா வாட்."

"அப்ப ஓம்?"

"ஓம் தடுக்கும்."

கொம்பையாவின் மீசை துடித்தது. "என் மக கல்யாணத்தைத் தடுக்க வந்தவனா? அவனை யாருலே உள்ள விட்டது? எங்க உக்காந்திருக்கான்?"

"எல்லா பல்புக்குள்ளயும்தான்" என்று சொல்லிவிட்டு ஜெபராஜ் டீ குடிக்கப் போனான்.

போயிருக்கக் கூடாது. அவன் தலை மறைந்ததும் பல்புகளை ஒன்றுவிடாமல் கழற்றி, வயர்களை நேருக்கு நேர் முறுக்கிவிட்டார்கள்.

"பல்பு இல்லாம வெளிச்சம் எங்கேயிருந்து வே வரும்?" என்றார் மாயாண்டி.

"தடுக்கிறவன் போயிட்டான்லா, இனி தானா வரும்" என்று சுடலைக்கண்ணு சுவிட்சைத் தட்டினான்.

வந்தது. டமார் என்று, பந்தல் முழுக்க, கண் கூசும் வெளிச்சம். ஒரே ஒரு தடவை. பிறகு ஊரே இருண்டது.

அந்த இருட்டில்தான் பஸ் வந்து நின்றது. "வெளிச்சம் எங்கே?" என்றார் சம்பந்தி, இறங்காமலே.

கொம்பையாவுக்கு மகள் முகம் கண்முன் நின்றது. உள்ளதைச் சொன்னார்: "ஓம்னு ஒருத்தரை மரியாதை இல்லாம வெளியே அனுப்பிட்டோம், சம்பந்தி. கூட வந்த மூணு பேரும் கோவிச்சுக்கிட்டு அவர் பின்னாலேயே போயிட்டாங்க."

சம்பந்தி நெஞ்சைத் தடவிக்கொண்டார். "அவ்வளவுதானா? நான் கரண்டுதான் போயிருச்சோன்னு பயந்துட்டேன். கல்யாண வீடுன்னா ஒரு மாமா கோவிக்கத்தான் செய்வாரு. ஆனா அவரைச் சமாதானப்படுத்தாம தாலி கட்ட விடமாட்டேன், ஆமா."

டீக்கடையிலிருந்து திரும்பிய ஜெபராஜ் தலையில் அடித்துக்கொண்டே பல்புகளைத் திரும்ப மாட்டிவிட்டு, ஃபியூஸ் போட ஊரெல்லையில் இருந்த டிரான்ஸ்பார்மருக்கு ஓடினான். ஓம் அங்கேதான் போயிருப்பார் என்று தாம்பூலத் தட்டோடும் பந்திச் சாப்பாட்டோடும் டார்ச்சோடும் இரண்டு வீட்டாரும் பின்னால் ஓடினார்கள்.

கம்பத்தில் ஒரு தகரப் பலகை. அதில் மண்டையோடு, கீழே குறுக்காக இரண்டு எலும்பு.

கொம்பையா தட்டைப் பலகைக்கு நேராக நீட்டினார். "ஐயோ, ஓம் மாமா! இப்பத்தானே அனுப்பினோம், அதுக்குள்ள இப்படி இளைச்சுட்டீங்களே!"

"பேருக்குக்கூடச் சதை இல்லையேய்யா" என்று சம்பந்தி கண்ணைத் துடைத்தார்.

கம்பத்தடியில் தலைவாழை இலை விழுந்தது. சோறு, பருப்பு, அப்பளம். கொம்பையா பலகையிடம் பேரத்தைத் தொடங்கினார். "முதல் பந்தி உங்களுக்குத்தான். சரி, முன் வரிசை நாற்காலியும் தாரேன். சரி, மாப்பிள்ளைக்கு மாலையை நீங்களே எடுத்துக்கொடுங்க. இதுக்கு மேல கட்டாது, மாமா!"

பாயசம் விழவும், இத்தனை நாளாய் லூஸாகக் கிடந்து வோல்ட்டைக் குறைத்த ஃபியூஸை ஜெபராஜ் புதுக்கம்பி போட்டு இறுக்கிச் செருகவும் சரியாக இருந்தது. தெருவிளக்குப் பளிச்சென்று பலகையில் அடித்தது.

"சிரிச்சுட்டாரு! எல்லாப் பல்லும் தெரியுது!" என்று குதித்தார் கொம்பையா.

சம்பந்தி உற்றுப் பார்த்தார். "சிரிக்கிறாரு, சரி. கட்டின கையை இன்னும் பிரிக்கலையே?"

கொம்பையா மச்சினன் முதுகில் ஓங்கி ஒன்று வைத்தார். "எலே, பொண்ணு மாப்பிள்ளையை இங்கேயே கூட்டிட்டு ஓடிவா! கையைக் கட்டிக்கிட்டு நிக்கிற ஆளு எப்படித் தடுப்பாரு? பிரிக்கிறதுக்குள்ள தாலியைக் கட்டிருவோம்!"

கட்டினார்கள். சம்பந்தி சொன்ன நிபந்தனையும் தவறவில்லை. அங்கே பந்தல் பகல் மாதிரி ஜொலித்துக்கொண்டிருந்தது, உள்ளே ஓர் ஆள்கூட இல்லாமல்.