பத்தாம் பாட்டு

நன்றாகக் காது கொடுங்கள். முடிவில் என் கேள்விக்கு யாரும் தப்ப முடியாது.

கடம்பவேள் என்னும் சிற்றரசனின் அவையில் இளநாகன் என்றொரு புலவன் இருந்தான். வாய் பெரிது, சரக்கு இல்லை. வேளின் பிறந்தநாள் நெருங்கியும் ஒரு வரி ஓடவில்லை. அந்த நேரத்தில், பூங்கண்ணி என்பவள் கொற்றன் என்ற வீரனைப் பாடிப் படியெடுக்கக் கொடுத்திருந்த ஏடுகள் அவன் கையில் சிக்கின. கொற்றன் என்று வந்த இடமெல்லாம் கடம்பவேள் என்று மாற்றினான். யாப்பு கொஞ்சம் முனகியது, அவ்வளவுதான். பதிகத்துக்குப் பத்துப் பாட்டு, கிடைத்தவை ஒன்பது. திருடனுக்கு எண்ணிப் பார்க்க நேரமில்லை.

அவை ஆர்ப்பரித்தது. வேள் தன் கழுத்து மாலையையே கழற்றிப் புலவனுக்குப் போட்டான்.

ஒருவனைப் பாடிய பதிகம் பாதியில் நின்றால் அவன் உயிரைக் குடிக்கும் என்பது அந்நாட்டு நம்பிக்கை. மூன்றாம் நாள் வேளுக்குக் காய்ச்சல் கண்டது. "மிச்சப் பாட்டு எங்கே?" என்று அமைச்சன் கேட்டபோது, இளநாகன் திருடனுக்குத் தேள் கொட்டியது போல விழித்தான். அமைச்சன் வாளை உருவியதும் உண்மையைக் கக்கினான்.

பூங்கண்ணியை வரவழைத்தார்கள். வேளைக் கட்டிலோடு அவைக்குத் தூக்கி வந்தார்கள்.

"பத்தாவதைப் பாடு" என்றான் வேள்.

"வேண்டாம், வேளே. கொற்றன் என் கணவர். அவர் இறந்தபோது பாடியது இது. பத்தாம் பாட்டில் சிதை எரிகிறது. உங்கள் பெயரில் அதைப் பாடினால், எரிவது உங்கள் சிதை."



"முடிவை மாற்று. நான் நூறாண்டு வாழ்வதாகப் பாடு."

"அவர் சாவைப் பொய்யாக்க என்னால் ஆகாது. ஒரு வழி உண்டு. 'இது கொற்றன் பாட்டு, என்னுடையதல்ல' என்று இங்கே ஒரு வார்த்தை சொல்லுங்கள். பாட்டு உங்களை விட்டுவிடும்."

அதற்குள் அந்த ஒன்பது பாட்டும் எட்டு ஊர்ச் சந்தைகளில் ஒலித்துக்கொண்டிருந்தன. வேள் பல்லைக் கடித்தான். "வந்த புகழைத் திருப்பித் தருவதா? பாடு! இல்லையேல் உன் தலை போகும்."

அவள் ஓர் எழுத்தும் மாற்றாமல் பாடினாள். கடைசிச் சொல் முடிந்தபோது வேளின் கை கட்டிலை விட்டுத் தொங்கியது.

திருடிய இளநாகனா, மாற்ற மறுத்த பூங்கண்ணியா, திருப்பித் தர மறுத்த வேளா? இந்தச் சாவின் பழி யாரைச் சேரும்?

விடை: இளநாகனுக்குத் திருட்டுக்கான தண்டனை உண்டு, கொலைப் பழி இல்லை, முடிவு அவனுக்குத் தெரியாது. பூங்கண்ணி தன் பாட்டைப் பொய்யாக்க மறுத்தாள், எச்சரிக்கவும் செய்தாள். பிறன் பாட்டென்று தெரிந்த பின்னும் விடாமல் பிடித்துக்கொண்டவன் வேள்தான். பழி அவனையே சேரும். பூங்கண்ணியை விடுவித்தார்கள். வேளின் சிதைக்கு முன்னே நின்று இரங்கிப் பாட ஒரு புலவனும் வாய் திறக்கவில்லை.